நன்னூலார் விலக்கிய மாணாக்கன்

2024ஆம் ஆண்டு செப்டெம்பர் மாதம் 3ஆம் திகதி, பாரிஸ் மாநகரில் நிகழ்ந்த பரா ஒலிம்பிக் விழாவிலே பெண்களுக்கான 400 மீற்றர் இறுதி ஓட்டம் ஒன்று நடைபெற்றது. 'ரி-20' என்னும் வகுப்பினருக்குரிய ஓட்டம் அது. அவ்வகுப்பின் பொருள் இன்னதென்பதை நம் வாசகருட் பலர் அறிந்திருக்க வாய்ப்பில்லை. கண்ணிழந்தோர்க்கும் கையிழந்தோர்க்கும் உரிய வகுப்புகள் போன்றதன்று இது. இதில் ஓடுவோரின் குறை பார்வைக்குப் புலப்படாது. காலும் கையும் செம்மையாக உடையவர்கள். இளமையிலேயே அறிவுத்திறன் வளர்ச்சியில் தடையுற்றவர்கள். உக்ரேனிய வீராங்கனை முதலாவதாகவும் துருக்கிய வீராங்கனை இரண்டாவதாகவும் வர, 55.82 செக்கனில் மூன்றாவதாக வந்து வெண்கலப் பதக்கம் பெற்றவர் தீப்தி ஜீவன்ஜி. தெலுங்கானா மாநிலத்து வாரங்கல் பகுதியிலுள்ள கல்லெடா என்னும் சிற்றூரிலே கூலித்தொழிலாளர் வீட்டிற் பிறந்த இருபது வயதுப் பெண் அவர்.

அதே ஆண்டு மே மாதம் யப்பானின் கோபே நகரில் நடந்த உலகப் போட்டியில் 55.07 செக்கனில் ஓடி அன்றைய உலக சாதனையை நிலைநாட்டியவரும் இவரே. சிறுபராயத்தில் ஊரார் இவரை எள்ளி நகையாடியதையும், அநாதை இல்லம் ஒன்றிற் சேர்த்துவிடுமாறு தமக்கு அறிவுரை கூறியதையும் பெற்றாரே பின்னாளிற் செய்தியாளரிடம் சொல்லியிருக்கின்றனர். அவ்வறிவுரையை அவர்கள் செவிமடுக்கவில்லை. பிள்ளை ஓடிற்று, நாகபுரி ரமேஷ் என்னும் பயிற்சியாளர் அவ்வோட்டத்தைக் கண்டார். ஆயினும், ஓட்டம் ஒன்றே அப்பெண்ணைப் பாரிசுக்குக் கொண்டுசென்றது என்று கருதுதல் தவறு. செகந்தராபாத்திலே 1984இல் நிறுவப்பட்ட, அறிவுத்திறன் குறைபாடுடையோர்க்கான இந்திய நடுவண் அரசின் நிறுவனத்திலே அவர் சோதிக்கப்பட்டார். அச்சோதனைக்குப் பின்னரே சர்வதேசப் போட்டியின் வாயில் அவருக்குத் திறந்தது.

அயல்நாட்டின் பெருமையைப் பாடுவதற்காக இதனை நாம் எடுத்துக்கொள்ளவில்லை. இதே பெண் மட்டக்களப்பின் படுவான்கரையிலோ, மலைநாட்டுத் தோட்ட லயம் ஒன்றிலோ, வெள்ளவத்தையின் மாடிவீடு ஒன்றிலோ பிறந்திருந்தால் என்ன ஆகியிருப்பார் என்பதே நம் கேள்வி. அவர் ஓடக்கூடியவர் என்பதை யார் கண்டிருப்பர்? கண்டபின் எங்கே அழைத்துச் சென்றிருப்பர்? இரண்டு கோடிக்குச் சற்று மேற்பட்ட மக்களையுடைய சிறிய நாடு நம்முடையது. பெரிய நாட்டிலே ஆயிரம் பேர் தவறவிடப்பட்டாலும் ஒருவர் எப்படியோ கண்ணிற் படுவார். சிறிய நாட்டுக்கு அந்த வாய்ப்பு இல்லை.

இக்கேள்வியை விளையாட்டுத் துறையினரிடம் விடுக்குமுன், தமிழ் கற்பிக்கும் நாம் நம் வீட்டுப் பெட்டகத்தையே முதலில் திறந்து பார்ப்பது முறை. பவணந்தி முனிவர் நன்னூற் பொதுப்பாயிரத்திலே மாணாக்கர் இலக்கணம் கூறுமிடத்து, அன்னமும் பசுவும் போல்வார் தலைமாணாக்கர், மண்ணும் கிளியும் போல்வார் இடைமாணாக்கர், இல்லிக்குடமும் ஆடும் எருமையும் நெய்யரியும் போல்வார் கடைமாணாக்கர் என்று வகுத்தார். இப்பகுப்பை வகுப்பறையிலே சுவைபடச் சொல்லாத தமிழாசிரியர் இலர். ஆனால் இதனையடுத்து, பாடஞ் சொல்லத் தகாதவர் இன்னின்னார் என்றும் ஒரு வரிசையை அவர் தருகின்றார். கள்ளுண்டு களிப்பவன், சோம்பேறி, கள்வன், வஞ்சகன் என்றிவர்களெல்லாம் நிற்கும் அவ்வரிசையிலே மந்தனும் நிற்கின்றான். கள்வன் களவினால் அங்கே சென்றான். சோம்பேறி சோம்பலினாற் சென்றான். மந்தன் செய்த குற்றம் யாது? இலக்கண நூலைக் கேட்பதற்கு உரியவர் யார் என்பதே நன்னூலார் எடுத்துக்கொண்ட பொருள். ஊர்ப்பிள்ளைகள் எல்லாருக்கும் கல்வி வகுக்க அவர் முற்பட்டாரல்லர். ஆதலால் அவரைப் பழிப்பது நம் கருத்தன்று. எனினும், ஒரு நூலுக்கு இட்ட வேலியை நாம் வாழ்க்கை முழுவதற்கும் இட்டுக்கொண்டோம். எழுத்துக் கற்க இயலாதவன் வேறு எதுவுமே கற்க இயலாதவன் என்று முடிவுகட்டினோம்.

இன்னும் பழைமைக்குச் சென்றால், புறநானூற்றிலே உறையூர் முதுகண்ணன் சாத்தனார் சோழன் நலங்கிள்ளிக்குக் கூறிய செவியறிவுறூஉவில், மக்கட் பிறப்பிற் குறையாவன என்று எட்டினை எண்ணுகின்றார். குருடும் கூனும் ஊமையும் செவிடும் எண்ணப்படும் அவ்விடத்தே, மருளும் ஒன்றாக எண்ணப்படுகின்றது. அத்தகைய பிறப்பினாற் பயனில்லை என்பது அக்காலத்துச் சான்றோர் கண்ட முடிபு. அம்முடிபினைக் காலம் ஒவ்வொன்றாகப் பொய்யாக்கி வந்திருக்கின்றது. குருடு பொய்த்தது, செவிடு பொய்த்தது, ஊமை பொய்த்தது. மருள் ஒன்றனைப் பற்றிய பழைய முடிபைத்தான் நாம் இன்னும் கைவிட மனமின்றி வைத்திருக்கிறோம்.

பெயர்களை மட்டும் நாம் விரைவாக மாற்றிவிடுகிறோம். மந்தபுத்தி என்றோம், மூளை வளர்ச்சி குன்றியோர் என்றோம், இன்று விசேட தேவையுடையோர் என்கிறோம். தமிழ்நாட்டிலே 2010இல் மாற்றுத்திறனாளி என்னும் சொல் அரசின் ஆட்சிச் சொல்லாயிற்று. அதே ஆண்டிலே அமெரிக்கரும் தங்கள் சட்டநூல்களிலிருந்து பழைய இழிசொல்லை நீக்கி, அறிவுத்திறன் குறைபாடு எனப் பொருள்படும் தொடரை இட்டனர். சொல்லை மாற்றுவது நன்றே. சொல்லாராய்ச்சியிற் காலங்கழிக்கும் எம்போல்வார்க்கு அது மகிழ்ச்சியுந் தருவதே. ஆயினும் பழைய பெயரால் அழைத்த பிள்ளையைப் பின்னறையில் இருத்தினோம்; புதிய பெயரால் அழைக்கும் பிள்ளையும் அதே பின்னறையிலேதான் இருக்கின்றது.

பின்னறை என்றது அணிக்காகச் சொன்னதன்று. கொட்டாஞ்சேனையிலும் வெள்ளவத்தையிலும் வீடுகளுக்குச் சென்று பழகிய எவரும் அறிவர். விருந்தினர் வந்தால் உள்ளே அனுப்பப்படும் பிள்ளை ஒன்று சில வீடுகளில் உண்டு. தமக்கைக்குச் சம்பந்தம் பேச வருவோர் வரும் நாளிலே, அப்பிள்ளையைச் சிற்றன்னை வீட்டிற் கொண்டுபோய் விடுவதும் உண்டு. புகைவண்டிப் பாதையைக் கடந்தாற் கடற்கரை. மாலையில் அங்கே நூறு பிள்ளைகள் ஓடி விளையாடுவர். அந்நூற்றில் அப்பிள்ளை இராது. பெற்றாரைக் கொடியவர் என்று சொல்ல நாம் துணியோம். ஊர் பேசும் பேச்சுக்கு அஞ்சுகின்றனர். பேசுகின்ற ஊர் என்பது வேறெவரும் அல்லர், நாமே.

இவ்வச்சம் ஏழை எளியோர்க்கு மட்டும் உரியதன்று. அமெரிக்காவின் செல்வமிக்க குடும்பங்களுள் ஒன்று கெனடி குடும்பம். அக்குடும்பத்திலே 1918இற் பிறந்த ரோஸ்மேரி என்னும் மகள் அறிவுத்திறனிற் பின்தங்கியவர். 1941இல் அவருக்குச் செய்யப்பட்ட மூளைச் சத்திரசிகிச்சை அவரை முன்னையிலும் முடமாக்கிற்று. பின்னர் ஊரார் கண்ணிற் படாத தொலைவிலே, ஒரு பராமரிப்பு நிலையத்திலே வைக்கப்பட்டார். தமையன் நாட்டின் குடியரசுத் தலைவரான பின்னரே, 1962இல், தங்கை யூனிஸ் கெனடி ஷ்ரைவர் ஒரு சஞ்சிகைக் கட்டுரை வாயிலாக அவ்வுண்மையை உலகறியச் சொன்னார். அவ்வாண்டிலேயே தம் வீட்டுத் தோட்டத்தை இத்தகைய பிள்ளைகளின் விளையாட்டுக்குத் திறந்துவிட்டார். சிக்காகோ நகரத்தில் அன் பேர்க் என்னும் உடற்பயிற்சி ஆசிரியை அத்தகைய பிள்ளைகளுக்கு ஒரு பெருவிழா எடுக்க வேண்டும் என்ற திட்டத்தோடு வந்தார். 1968 யூலை 20ஆம் திகதி அந்நகரத்துச் சோல்ஜர் பீல்ட் அரங்கிலே ஏறத்தாழ ஆயிரம் பேர் போட்டியிட்டனர். விசேட ஒலிம்பிக் என்னும் இயக்கம் பிறந்த வரலாறு இது. அதன் தொடக்கத்திலே ஓர் ஆசிரியையின் கை இருந்தது என்பதை ஆசிரியர்களாகிய நாம் சற்றே பெருமையுடன் நினைத்துக்கொள்ளலாம்.

விசேட ஒலிம்பிக்கும் பரா ஒலிம்பிக்கும் ஒன்றென்று பலர் மயங்குகின்றனர். நம் பத்திரிகைகளும் அடிக்கடி மயங்குகின்றன. பரா ஒலிம்பிக் என்பது உலகின் மிகச் சிறந்தோரைத் தேடும் போட்டி. பல்வகை உடற்குறையுடையோரும் அதிற் கலந்துகொள்வர். விசேட ஒலிம்பிக்கோ அறிவுத்திறன் குறைபாடுடையோர்க்கே உரியது. எட்டு வயது நிரம்பிய எவரும் அதிற் போட்டியிடலாம். முதற்கண் ஒவ்வொருவரும் ஓடியும் எறிந்தும் காட்ட, அவர்தம் வேகமும் தூரமும் அளக்கப்படும். பின்னர் வயதும் ஆற்றலும் ஒத்தவர்கள் சிறு சிறு தொகுதிகளாகப் பிரிக்கப்படுவர். 100 மீற்றரைப் பதினான்கு செக்கனில் ஓடுபவன் தன்னை ஒத்தவரோடும், முப்பது செக்கனில் ஓடுபவன் தன்னை ஒத்தவரோடுமே ஓடுவான். இருவருக்கும் தங்கப் பதக்கம் உண்டு. இருவருக்கும் தோல்வியும் உண்டு. எளிய தொகுதியிற் புகுவதற்காக முதல்நாள் மெதுவாக ஓடி மறுநாள் விரைந்தோடுவோரைத் தடுக்கவும் விதி உண்டு: இறுதிப் போட்டியில் முன்னைய அளவை நூற்றுக்குப் பதினைந்துக்கு மேல் விஞ்சினால், நீக்கப்படவும் கூடும். இரக்கத்தினால் நடத்தப்படும் விழாவுக்கு இத்தகைய விதி தேவைப்படுமா? போட்டி மெய்யான போட்டி என்பதனாலன்றோ ஏமாற்றையும் எதிர்பார்த்து விதி செய்தனர்!

உலக விளையாட்டுகளுக்கு வீரரைத் தெரிவுசெய்யும் முறை இன்னும் வியப்புக்குரியது. ஒவ்வொரு நாட்டுக்கும் இத்தனை பேர் என்று அளவு உண்டு. உள்நாட்டுப் போட்டிகளிலே தத்தம் தொகுதியில் முதலிடம் பெற்றவர்கள் அவ்வளவுக்கு மேற்பட்டால், அவர்களுள் மிக வேகமானவரைப் பொறுக்கி எடுப்பதில்லை. திருவுளச்சீட்டுப் போட்டு எடுக்கின்றனர். தமிழருக்கு இது புதிதன்று. முதலாம் பராந்தக சோழன் காலத்து உத்தரமேரூர்க் கல்வெட்டுகள், 919, 921 ஆகிய ஆண்டுகளுக்குரியவை, ஊர்ச்சபைக்குக் குடவோலையால் ஆளெடுத்த முறையை விரித்துரைக்கின்றன. தகுதியுடையோர் இன்னார் என்று முதலில் வரையறுத்து, அவர் பெயரெழுதிய ஓலைகளைக் குடத்திலிட்டு, உள்ளிருப்பது அறியாத சிறுவனைக் கொண்டு எடுப்பித்தனர். தகுதியை மனிதர் ஆராய்ந்தனர். தகுதியுடையோருள் ஒருவரைத் தெரிவதைக் குடத்துக்கு விட்டனர். செல்வாக்கும் உறவுமுறையும் உள்ளே நுழையாமைக்கு நம் முன்னோர் கண்ட உபாயம் அது. சிறிய நாடுகளின் விளையாட்டுச் சம்மேளனங்களிலே செல்வாக்கு எவ்வழியாக நுழையும் என்பதை அறிந்தோர்க்கு, இவ்வுபாயத்தின் அருமை விளங்கும்.

இம்முறையால் விளைவது யாது? நாட்டின் சின்னத்தை மார்பிலணிந்து செல்பவர், அத்துறையிலே நாட்டின் மிக வேகமானவராக இருக்க வேண்டியதில்லை. தம் அளவிலே வென்றவர், அவ்வளவே. 2003இல் அயர்லாந்தின் டப்ளின் நகரிலே கோடைகால உலக விளையாட்டுகள் முதன்முறையாக அமெரிக்காவுக்கு வெளியே நடந்தபோது ஏறத்தாழ ஏழாயிரம் வீரர் வந்தனர். முப்பதினாயிரம் தொண்டர் உழைத்தனர். அந்நாட்டின் சிற்றூர்கள் ஒவ்வொன்றும் ஒவ்வொரு நாட்டு அணியை விருந்தினராக ஏற்றுச் சில நாள் வைத்திருந்தன. 2019இல் அபுதாபியிலும் 2023இல் பேர்லினிலும் அவ்விழா தொடர்ந்தது. 2027இல் சிலி நாட்டின் சாந்தியாகோ நகருக்கு என்று அறிவிக்கப்பட்டுள்ளது. இலங்கை அணிகளும் இவ்வுலக விளையாட்டுகளுக்குச் சென்று வந்திருக்கின்றன. நாடுவாரியான பதக்க அட்டவணையை அவ்வியக்கம் வெளியிடுவதில்லை. ஆனால் அணி கட்டுநாயக்காவில் வந்திறங்கினால், நம் செய்தியாளர் கேட்கும் முதற் கேள்வி எத்தனை பதக்கம் என்பது. எண்ணிக்கை கிடைத்தால் நான்கு வரிச் செய்தி. அதனோடு, குறையை வென்ற குழந்தைகள் என்று ஒரு தலைப்பு. முப்பது வயதானவரையும் குழந்தை என்றெழுதும் இவ்வழக்கம் நம் பேனாக்களை விட்டு நீங்கவேண்டும். எந்தத் தொகுதியில் ஓடினார், முன்பு எத்தனை செக்கனில் ஓடினார், இப்பொழுது எத்தனை செக்கன், யார் பயிற்றினார் என்று கேட்டெழுதுங்கள். ஏனைய வீரரைப் பற்றி அவ்வாறுதானே எழுதுகிறீர்கள்?

இனி மற்ற வாயிலைப் பார்ப்போம். பரா ஒலிம்பிக்கின் வாயில் இவர்களுக்கு ஒருமுறை திறந்து, பின் அடைபட்டு, மறுபடி திறந்தது. அடைபட்ட கதை கசப்பானது. 2000ஆம் ஆண்டு சிட்னி நகரிலே இப்பிரிவின் கூடைப்பந்தாட்டத்தில் ஸ்பெயின் நாடு இரஷியாவை வென்று தங்கம் பெற்றது. அவ்வணியில் இருந்த கார்லோஸ் ரிபகோர்டா என்பவர் ஒரு பத்திரிகையாளர்; அவருக்கு அறிவுத்திறன் குறைபாடு எதுவும் இல்லை. தமக்கு மட்டுமன்றி, அணியின் பன்னிருவருட் பதின்மருக்கும் இல்லை என்று அவரே எழுதி வெளிப்படுத்தினார். பதக்கங்கள் பறிக்கப்பட்டன. அதனோடு முடிந்ததா? அறிவுத்திறன் குறைபாடுடையோர்க்கான போட்டிகள் யாவுமே நிறுத்தப்பட்டன. 2004இல் ஏதென்சிலும் 2008இல் பெய்ஜிங்கிலும் அவர்களுக்கு இடமில்லை. 2012இல் இலண்டனிலே மெய்வல்லுநர், நீச்சல், மேசைப்பந்து ஆகிய மூன்று துறைகளில் மட்டும் மீண்டும் அனுமதிக்கப்பட்டனர். ஸ்பானியச் சம்மேளனத்தின் முன்னாள் தலைவருக்கு 2013இல் நீதிமன்றம் விதித்த அபராதம் 5,400 யூரோ. பெற்ற மானியத்தில் ஒரு பகுதியையும் திருப்பிக் கட்டுமாறு பணித்தது. கெட்டிக்காரர் செய்த வஞ்சனைக்குப் பன்னிரண்டு ஆண்டுத் தண்டனை அனுபவித்தவர்களோ, வஞ்சனை இன்னதென்றே அறியாதவர்கள். ஓர் ஓட்டக்காரருக்குப் பன்னிரண்டு ஆண்டு என்பது வாழ்நாள் முழுவதற்கும் சமம். சிட்னியில் இருபது வயதினராய் இருந்தவர் இலண்டனில் முப்பத்திரண்டு வயதினர். பணமும் புகழும் உள்ள பெரிய நாடு செய்த பிழை அது. சிறிய நாடுகளின் பிள்ளைகளும் சேர்ந்தே அதற்குரிய கடனைக் கட்டினர்.

அப்பிழைக்குப் பின் வாயிற் காவல் கடுமையாயிற்று, அது நியாயமே. நுண்ணறிவு ஈவு 75க்கு மேற்படாமை, அன்றாட வாழ்வை நடத்துவதில் மெய்யான இடர்ப்பாடு, அது வளர்ச்சிப் பருவத்திலேயே தோன்றியமை ஆகிய மூன்றையும் தகுதிபெற்ற உளவியலாளர் சோதித்துச் சான்றளிக்க வேண்டும். எழுத்திற் பார்த்தால் எல்லா நாட்டுக்கும் ஒரே விதி. ஆயின் செகந்தராபாத்துக்கு அருகே பிறந்தவருக்கு அவ்விதி ஒரு நாட் பயணம். நம் நாட்டிலே இத்துறை வல்லார் தொகை சிறிது. அவருள்ளும் தமிழில் வினாவித் தமிழில் விடைபெற்று மதிப்பிட வல்லார் எத்தனை பேர்? தோட்டத்துப் பிள்ளையைச் சிங்களத்திலோ ஆங்கிலத்திலோ வினாவினால், மொழி தெரியாமை அறிவுக் குறையாகப் பதியப்படும். அன்றி, கண்டும் கேட்டும் இராத பொருள்களின் படங்களைக் காட்டி இது யாது என்று கேட்டாலும் அவ்வாறே ஆகும். மெய்யான குறைபாடுள்ள பிள்ளையோ, வினாவுவாரே இன்மையால், ஒரு தாளும் இன்றி வளர்ந்துவிடும். வளர்ந்தபின், இளமையிலேயே குறை தோன்றிற்று என்பதற்குச் சான்று எங்கே என்று கேட்பர். அப்பொழுது அதைத் தேடிப் பயனில்லை.

வாயிலைக் கடந்த பின்னும் இடர் தீர்வதில்லை என்பதற்கு மலேசிய வீரர் முகமது சியாட் சொல்கெப்லியின் அனுபவம் ஒன்று போதும். குண்டு போடுதலில் 2016இல் ரியோவிலே உலக சாதனையுடன் தங்கம் பெற்றவர் அவர். 2021 ஆகஸ்ட் 31ஆம் திகதி தோக்கியோவில் 17.94 மீற்றர் தூரம் போட்டு அதையும் விஞ்சினார். ஆனால் வீரர் வந்து கூடவேண்டிய அறைக்குச் சில நிமிடம் பிந்தி வந்தார் என்று அவருடைய பெறுபேறு நீக்கப்பட்டது. அவுஸ்திரேலிய வீரர் ஒருவரும் எக்குவடோர் வீரர் ஒருவரும் அவ்வாறே நீக்கப்பட்டனர். நேரத்தை உணர்ந்து தம்மைத் தாமே நடத்துவதில் இடர்ப்படுவோர்க்கென வகுத்த பிரிவிலே, நேரந்தவறியமைக்காக மூவர் நீங்கினர்! விதி விதிதான், அதைத் தளர்த்துமாறு நாம் கேட்கவில்லை. அருகில் நின்று, நேரமாயிற்று, எழுந்து வா என்று அவர் மொழியிலேயே சொல்லி அழைத்துச் செல்லும் ஒருவரின் கடமை அங்கே எத்துணைப் பெரிது என்பதையே சொல்கிறோம். சிறிய நாடு அணி அனுப்பும்போது, பயணச்சீட்டு எண்ணிக்கையிற் குறைக்கப்படுபவர் பெரும்பாலும் அத்தகைய துணையாளரே. சம்மேளனப் பிரமுகரின் இருக்கையைக் குறைக்கலாம். அப்பிள்ளையின் பேச்சையும் மௌனத்தையும் அறிந்த ஆசிரியையின் இருக்கையைக் குறைத்தலாகாது.

இவையெல்லாம் ஒரு சிறிய நாட்டினால் ஆகக்கூடியவையா என்று ஐயுறுவோர் இரத்மலானைக்குச் சென்று பார்க்கட்டும். காலி வீதியிலே செவிப்புலனற்றோர்க்கும் விழிப்புலனற்றோர்க்கும் உரிய பாடசாலைகள் நிற்கின்றன. 1912இல் மேரி சாப்மன் என்னும் ஆங்கிலேய மாது தொடங்கிய முயற்சியின் வழிவந்தவை அவை. செவிடருக்கும் குருடருக்கும் பாடஞ் சொல்வதாவது என்று அன்று நகைத்தவர் இலரோ? இருந்திருப்பர். நகைப்பு மறைந்தது, பாடசாலை நின்றது. பின்னர்த் தமிழ்ப் பிள்ளைகளுக்கெனக் கைதடியிலே நவீல்ட் பாடசாலை எழுந்தது. ஒரு நூற்றாண்டுக்கு மேலாக இவ்வாறு பிள்ளைகளைத் தேடிக் கண்டு, ஒருங்கு சேர்த்து, மொழியும் தொழிலும் ஆட்டமும் பயிற்றிவந்த நாட்டிலேதான், 2018இல் செவிப்புலனற்றோர் இருபது ஓவர் கிரிக்கெட் உலகக் கிண்ணத்தை இந்தியாவிலே வென்று வந்த அணி தோன்றிற்று. 2021இல் தோக்கியோவிலே தினேஷ் பிரியந்த ஈட்டியை 67.79 மீற்றர் எறிந்து பரா ஒலிம்பிக்கில் நாட்டின் முதலாவது தங்கத்தைப் பெற்றார். போரிலே கையிற் காயமுற்ற படைவீரர் அவர்; அவர் குறையை நாடு கண்ணாரக் கண்டது, போற்றிற்று. அறிவுத்திறன் குறைபாடுடையோர்க்கு அவ்வாறு கண்ணாற் காணும் தழும்பு இல்லை. அவர்களுக்கும் நாரஹேன்பிட்டியிலே சித்திரா ஒழுங்கைப் பாடசாலையும், யாழ்ப்பாணத்துக் கோண்டாவிலிலே சிவபூமிப் பாடசாலையும் போல்வன உள்ளன. அரசினர் பாடசாலைகள் சிலவற்றில் விசேட கல்வி அலகுகள் உள்ளன. மாற்றுத்திறனாளிகளின் உரிமைகள் பற்றிய உலக உடன்படிக்கையை 2016இல் இலங்கை ஏற்று உறுதிசெய்தது. அதன் 30ஆம் உறுப்புரை, இத்தகைய பிள்ளைகள் ஏனையோருக்குச் சமமாகப் பாடசாலை விளையாட்டிற் பங்குபற்றவேண்டும் என்றே கூறுகின்றது. கொழும்பிலே கையொப்பம் உண்டு. ஊரிலே மைதானம் உண்டு. இரண்டுக்கும் இடையில் ஒருவரும் நடந்து செல்லவில்லை.

விசேட கல்வி அலகு உள்ள பாடசாலைகளில் இல்ல மெய்வல்லுநர் போட்டி நாளன்று அப்பிள்ளைகள் என்ன செய்கின்றனர் என்பதைக் கவனித்தவர் உண்டா? சிலவிடத்து வண்ணக் கொடி ஏந்தி அணிநடையில் வருவர். சிலவிடத்து ஒரு வேடிக்கை ஓட்டம் ஓடி ஆளுக்கொரு பரிசுப்பொதி பெறுவர். பிரதம விருந்தினர் கைதட்டுவார். அவர்கள் ஓடியது எந்த இல்லத்தின் புள்ளியிலும் சேராது. புள்ளி சேராத ஓட்டத்தைப் பிள்ளைகள் மதிப்பதில்லை. எந்த இல்லத் தலைவனும் அவ்வீரனைத் தேடி வந்து, மாலையிற் பயிற்சிக்கு வா என்று அழைப்பதில்லை. புள்ளி உண்டென்று வையுங்கள். மறுநாளே அழைப்பான். தன் இல்லம் தோற்றுவிடுமே என்ற கவலையால் அழைப்பான். இரக்கத்தால் அழைப்பதிலும் அது மேலான அழைப்பு. அங்கே தொடங்குகிறது சாந்தியாகோவுக்குச் செல்லும் வழி.

இல்லப் போட்டிகளுக்கான நிகழ்ச்சி நிரலை நம் அதிபர்கள் மார்கழி விடுமுறையிலேயே வகுக்கத் தொடங்குவர். இவ்வலகு உள்ள பாடசாலைகளிலாவது 100 மீற்றர் ஓட்டம், குண்டு போடுதல், நின்ற நிலையில் நீளம் பாய்தல் ஆகிய மூன்றையும் ஏனைய நிகழ்ச்சிகளுக்கு ஒத்த புள்ளிகளோடு அந்நிரலிற் சேர்த்துக்கொள்ளட்டும். ஆற்றல் ஒத்தவரைத் தொகுதியாகப் பிரிப்பதற்கு முதல்நாள் மாலை ஒரு மணி நேரம் போதும். நிறுத்தற் கடிகாரம் ஒன்று, அளவு நாடா ஒன்று, அளந்ததை ஆண்டுதோறும் பெயரெதிரே எழுதி வைக்க ஒரு குறிப்பேடு, இவ்வளவே செலவு. அக்குறிப்பேடு பிள்ளையின் ஏழு வயதிலிருந்து எழுதப்பட்டு வருமாயின், பிற்காலத்தில் எந்த நாட்டு அதிகாரி சான்று கேட்டாலும் எடுத்து வைப்பதற்கு அது இருக்கும்.